சாமான் அறையில் அலறியது யார்?

என் மனைவி வாழ்நாளில் ஒரே ஒரு முறை அலறினாள். அந்த அலறலில் பூட்டிக்கிடந்த கதவு திறந்தது. தெருமுனையில் மூன்று நாளாகக் கிளம்ப மறுத்து நின்ற லாரி ஸ்டார்ட் ஆயிற்று. எதிர்க் கட்டிடத்தில் ஓயாமல் கத்திக்கொண்டிருந்த கார் அலாரம் வெட்கப்பட்டு வாயை மூடிக்கொண்டது. பல வருஷமாக மந்தமாயிருந்த என் இடது காது பளிச்சென்று கேட்க ஆரம்பித்தது.

நீங்கள் நம்பப் போவதில்லை. பரவாயில்லை, வரிசையில் உங்களுக்கு முன்னால் ஒருத்தி நிற்கிறாள். அலறியவளே நம்பவில்லை.

அவளைப் பற்றிப் புதிதாக வந்து உட்கார்ந்தவர்களுக்கு ஒரு வார்த்தை. இன்சூரன்ஸ் கம்பெனியில், நஷ்ட ஈடு கேட்டு வருகிறவர்கள் சொல்வது நிஜமா பொய்யா என்று துருவிப் பார்க்கும் வேலை அவளுக்கு. ஊரில் உள்ளவர்களை நம்பாமல் இருப்பதற்கே சம்பளம் வாங்குகிறவள். கடை எரிந்துவிட்டது என்று ஒருவர் கதறிக்கொண்டு வந்தால், "எரியறப்ப காத்து எந்தப் பக்கம் அடிச்சுது?" என்று கேட்பாள். கல்யாணமான புதிதில் நான் உருகி உருகி "நீ இல்லாம நான் இல்ல" என்று சொன்னபோது, "இதுக்கு முன்னாடி எப்படி இருந்தீங்க?" என்றவள். வீட்டில் அவள் பெயர் இன்ஸ்பெக்டர்.

நான் லிஃப்ட் மெக்கானிக்காக இருந்து ஓய்வு பெற்றவன். இந்த ஊரில் மேல்மாடிக்குப் போன அத்தனை பேரும் என் தயவில் போனவர்கள்.

எங்களுக்கு ஒரே மகள். பகலில் பல் டாக்டர் கிளினிக்கில் ரிசப்ஷன். மற்ற நேரமெல்லாம் பாட்டு. விளக்கைப் போடாமல் இருட்டில் உட்கார்ந்து முணுமுணுத்துக்கொண்டே இருப்பதால் வவ்வால் என்று பெயர் வைத்தேன். அவளும் கோபித்துக்கொள்ளாமல், பாடகியாக அதே பெயரில் கிளம்பிவிட்டாள்.

போன வாரம் விட்ட இடம் ஞாபகம் இருக்கும். ஒரு பாட்டுக் கம்பெனி வவ்வாலின் தனிப் பாட்டு ஒன்றை வெளியிடச் சம்மதித்தது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஐந்து மணிக்குள் பாட்டு அவர்கள் கைக்குப் போய்ச் சேர வேண்டும். இன்ஸ்பெக்டர் தன் பங்குக்கு ஒரு நிபந்தனை வைத்தாள். பாட்டு போனால் பாட்டு. போகாவிட்டால் திங்கட்கிழமை காலை வவ்வால் இன்சூரன்ஸ் ஆபீஸில் போய் உட்கார வேண்டும். அந்த நாற்காலிக்காக என் மனைவி, பிறந்ததிலிருந்து முதல் தடவையாக ஒருவரிடம் போய் "தயவுசெய்து" என்று சொல்லியிருந்தாள். அதனால் அது சாதாரண நாற்காலி இல்லை.

இன்றைக்குச் சொல்லப்போவது அந்த வெள்ளிக்கிழமைக் கதை.

பாட்டு என்ன பாட்டு? பேய்ப் பாட்டு. சின்ன வயதில் அவளும் நானும் ஒரே போர்வைக்குள் உட்கார்ந்து டிவியில் பார்த்த கறுப்பு வெள்ளைப் பேய்ப் படங்கள்தான் அதற்கு மூலதனம். பாழடைந்த பங்களா, கையில் மெழுகுவர்த்தியோடு மாடிப்படி ஏறும் கதாநாயகி, தானாக அடிக்கும் கடிகாரம், கிறீச்சிடும் கதவு. படத்துக்குப் படம் பேய் வெளியே நின்று கதவைத் தட்டும், உள்ளே இருப்பவர்கள் நடுங்குவார்கள். வவ்வால் அதைத் திருப்பிப் போட்டாள். அவள் பாட்டில் பேய் உள்ளே இருக்கிறது. வெளியே விடச் சொல்லிக் கெஞ்சுகிறது.

*கதவைத் திற, கதவைத் திற,*
*காத்து இல்ல, நான்தான்.*
*வாசல்ல யாரும் நிக்கல பாரு,*
*உள்ளே இருக்கேன், நான்தான்.*

கால் தானாகத் தாளம் போடும், முதுகில் தானாகப் புல்லரிக்கும். ஒரே நேரத்தில் ஆடவும் ஓடவும் தோன்றுகிற பாட்டு.

இதற்காக எங்கள் சாமான் அறையை ரெக்கார்டிங் அறையாக்கினோம். ஜன்னல் கிடையாது. நாலு சுவரிலும் பழைய மெத்தை, கூரையில் கம்பளி, கதவைச் சுற்றி ரப்பர். உள்ளே ஒரு யானை பிளிறினால் ஹாலில் இருக்கிற கொசுவுக்குக்கூடக் கேட்காது. மைக் உள்ளே, கம்ப்யூட்டரும் ஸ்பீக்கரும் வெளியே ஹாலில். உள்ளே பாடுவது, மைக் வழியாக மட்டும் ஹாலுக்குப் போகும். போன் மணி அடித்துப் பாட்டைக் கெடுக்கக் கூடாது என்று எல்லாப் போனையும் வெளியே ஒரு வாளியில் போட்டுவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும்.

இங்கே எங்கள் வீட்டு வழக்கம் ஒன்றையும் சொல்லியாக வேண்டும். எங்கள் வீட்டில் அறைக்கதவுகள் நாலு, கைப்பிடி ஒன்று. மற்ற மூன்றும் ஒவ்வொன்றாகக் கழன்று போயின. "நாளைக்கு மாட்டறேன்" என்று நான் சொல்லிக்கொண்டிருப்பதில் இன்னும் உறுதியாக இருக்கிறேன். அதுவரை, அந்த ஒற்றைக் கைப்பிடியை யாருக்கு எந்தக் கதவு வேண்டுமோ அதன் சதுர ஓட்டையில் சொருகித் திருகித் திறந்து, உருவிக் கையோடு எடுத்துக்கொண்டு போவோம். குளிக்கப் போகிறவர் சோப்பை மறந்தாலும் மறப்பார், கைப்பிடியை மறக்கமாட்டார். விருந்தாளி வந்தால் முதலில் குடிக்கத் தண்ணீர், அடுத்தது கைப்பிடி.

இன்னொன்றும் செய்து வைத்திருந்தேன். பெருமையாகச் செய்தது. அந்த வாரம் முழுக்க அலறல் ஒத்திகை நடக்கும் என்பதால், கட்டிடம் பூராவும் வீடு வீடாக ஏறி இறங்கிச் சொல்லிவிட்டு வந்தேன்.

"எங்க வீட்டுலேர்ந்து அலறல் வரும். காப்பாத்துங்கன்னு கத்துவோம். தயவுசெஞ்சு யாரும் காப்பாத்த வந்துடாதீங்க. பாட்டு கெட்டுடும்."

எல்லோரும் ஒத்துழைப்பதாக வாக்குக் கொடுத்தார்கள். நல்ல மனிதர்கள்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் இன்ஸ்பெக்டர் அரை நாள் லீவு போட்டுவிட்டு வந்து சேர்ந்தாள். ஐந்து மணி ஆவதைத் தன் கண்ணாலேயே பார்க்க வேண்டுமாம்.

பாட்டில் இரண்டு குறை பாக்கி. ஒன்று, கடைசிச் சரணம். அதைப் பாடிப் பாடி, பிடிக்காமல் அழித்துக்கொண்டே இருந்தாள் வவ்வால். இன்னொன்று, முடிவில் வரவேண்டிய ஓர் அலறல்.

"பாட்டு முழுக்க ஒருத்தி திற திறன்னு கேக்கறா. யாரும் பதில் சொல்றதில்ல. கடைசியில வெளியிலேர்ந்து ஒரே ஒரு பதில் வரணும்பா. அதுதான் அலறல். அது நிஜமா இல்லைன்னா பாட்டே இல்ல" என்றாள். "ரெண்டு பேரும் உள்ள வாங்க. ஆளுக்கு ஒண்ணு அலறுங்க. எது தேறுதோ எடுத்துக்கறேன்."

"நான் எதுக்கு? நான் எதுக்கும் அலறினதில்ல" என்றாள் இன்ஸ்பெக்டர்.

"அதான்மா, உன்கிட்ட ஸ்டாக் நிறைய இருக்கும்."

மூன்று பேரும் உள்ளே போனோம். வவ்வால் கம்ப்யூட்டரில் பாட்டை ஓடவிட்டு, முடிந்தால் மறுபடி முதலிலிருந்து ஓடும்படி வைத்திருந்தாள். மைக் எல்லாவற்றையும் பதிவு செய்துகொண்டே இருக்கும். கதவு 'ப்ச்' என்று ரப்பரோடு ஒட்டிச் சாத்திக்கொண்டது.

முதலில் நான் அலறினேன். என் கணக்கில் அது எலும்பை உருக்கும் அலறல்.

"பஸ்ஸைத் தவற விட்டவர் மாதிரி இருக்கு" என்றாள் இன்ஸ்பெக்டர்.

"நீ பண்ணிக் காட்டு பார்க்கலாம்."

அவள் மைக் முன்னால் நேராக நின்று, கைப்பையைத் தோளில் சரிசெய்துகொண்டு, "ஆ" என்றாள். டாக்டரிடம் நாக்கைக் காட்டுகிற ஆ.

வவ்வால் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டாள். "போதும். ரெண்டு பேரும் வெளிய போங்க. நானே ஏதாவது பண்ணிக்கறேன். அப்பா, கைப்பிடி."

"என்கிட்ட ஏது? நீதானே கடைசியா திறந்த?"

"நான் திறந்து உங்களுக்காகப் பிடிச்சுக்கிட்டு நின்னேன். நீங்கதானே உருவினீங்க?"

"நான் எங்க உருவினேன்? உங்க அம்மா..."

"என்னைச் சொல்லாதீங்க. இந்த வீட்டுல கைப்பிடி யார்கிட்ட இருக்குன்னு கேக்கறதை நான் எப்பவோ விட்டாச்சு."

மூன்று பேரும் ஒருவர் கையை ஒருவர் பார்த்தோம். ஆறு கைகள், காலி. கதவில் அந்தச் சதுர ஓட்டை எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தது.

"பதறாதீங்க" என்றேன் உடனே. "நான் எத்தனை பேரைப் பார்த்திருக்கேன்! நடு மாடியில லிஃப்ட் நின்னு, உள்ள பத்துப் பேர் கதறுவாங்க. நான் ஒரே ஒரு வார்த்தை சொல்வேன், அப்படியே அடங்கிடுவாங்க."

"நீங்க வெளிய நின்னு சொல்வீங்க" என்றாள் இன்ஸ்பெக்டர். "உள்ள நின்னு என்ன சொல்வீங்க?"

அதை நான் யோசித்ததே இல்லை. அந்தக் கணம்தான் தெரிந்தது, வேலையில் இருந்த காலமெல்லாம் நான் ஒரு தடவைகூட உள்ளே மாட்டிக்கொண்டதில்லை என்று. சாமான் அறை சட்டென்று தீப்பெட்டி அளவுக்குச் சுருங்கியது. மெத்தைகள் ஆளுக்கு ஓரடி முன்னால் நகர்ந்து வந்தன. இருந்த காற்றில் முக்கால்வாசியை நானே இழுத்துவிட்டேன் என்று பிற்பாடு இருவரும் குற்றம் சாட்டினார்கள்.

இன்ஸ்பெக்டர் கொண்டையிலிருந்து ஊசியை எடுத்து ஓட்டையில் விட்டுத் திருப்பினாள். ஊசி வளைந்தது. நான் என் மூக்குக் கண்ணாடியின் காலை விட்டுத் திருப்பினேன். கால் உடைந்து ஓட்டைக்குள் விழுந்தது. மைக் ஸ்டாண்டின் குழாய் ஓட்டையைவிடத் தடிமன். தோளால் மோதினேன். மெத்தை என்னை அன்போடு திருப்பி அனுப்பியது.

"கத்துவோம்" என்றேன். "மைக் ஓடிக்கிட்டுதானே இருக்கு? ஹால் ஸ்பீக்கர்ல கேக்கும். ஜன்னல் திறந்திருக்கு. வெளிக்கதவு சும்மாதான் சாத்தியிருக்கு. யாராவது வருவாங்க."

மைக்கைப் பிடித்துக்கொண்டு கத்தினேன். "காப்பாத்துங்க! உள்ள மாட்டிக்கிட்டோம்! யாராவது வாங்க! இது பாட்டு இல்ல, நிஜம்!"

காத்திருந்தோம். மறுபடி கத்தினேன். வவ்வால் கத்தினாள். இரண்டு பேரும் சேர்ந்து கத்தினோம்.

இன்ஸ்பெக்டர் மட்டும் கத்தவில்லை. என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"வீடு வீடாப் போய் என்ன சொல்லிட்டு வந்தீங்க?"

நான் உடைந்த கண்ணாடியைத் துடைக்க ஆரம்பித்தேன்.

"காப்பாத்த வந்துடாதீங்கன்னு சொன்னீங்க இல்ல?"

"பாட்டு கெட்டுடக் கூடாதேன்னு..."

"எத்தனை வீடு?"

"ஒண்ணு விடல."

உலகத்திலேயே ஊர் பூராவும் முன்கூட்டியே போய், "நாங்கள் மாட்டிக்கொண்டால் வராதீர்கள்" என்று சொல்லி வைத்துவிட்டு மாட்டிக்கொண்ட ஒரே குடும்பம் நாங்கள்தான். நைட் டியூட்டி முடிந்து தூங்கிக்கொண்டிருந்த கீழ்வீட்டு நர்ஸ், எங்கள் அலறலைக் கேட்டுத் தலையணையைத் திருப்பிப் போட்டுப் படுத்தாராம். மேல்வீட்டுக்காரர் கைகூடத் தட்டினாராம். பின்னால் தெரிந்தது.

புழுக்கம் ஏறியது. கம்பளி வாசனை மூக்கில் அடைத்தது. வவ்வால் தரையில் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தாள்.

"மணி என்ன இருக்கும்?" என்றாள்.

போன்கள் வாளியில். யாருக்கும் தெரியவில்லை.

"அஞ்சு மணிக்கு அவங்க காத்துக்கிட்டு இருக்கமாட்டாங்க. எனக்கு அடுத்து இன்னொருத்தர் இருக்கார்." தலையைத் தூக்கி அம்மாவைப் பார்த்தாள். "உனக்கு சந்தோஷம்தானே? திங்கட்கிழமை உன் நாற்காலி நிறைஞ்சுடும்."

"எனக்கு என்னடி சந்தோஷம்? மாசம் பொறந்தா சம்பளம், தலைக்கு மேல ஏசி, மரியாதையான இடம். கெட்டதையா சொல்லிட்டேன்?"

"அங்க ஜன்னல் இருக்கா?"

"இருக்கே. பெரிசா."

"திறக்குமா?"

இன்ஸ்பெக்டர் பொய் சொல்லி நான் பார்த்ததில்லை. தொழில் தர்மம். "ஏசி போட்ட ஆபீஸ்ல ஜன்னலை எப்படித் திறப்பாங்க?" என்றாள்.

"அப்ப இதுவும் அதுவும் ஒண்ணுதான்" என்று மெத்தைச் சுவரைத் தட்டிக் காட்டினாள் வவ்வால்.

"நான் இத்தனை வருஷமா அங்கதான் இருக்கேன். செத்தா போயிட்டேன்?"

வவ்வால் மெத்தைச் சுவரை இன்னொரு முறை தட்டினாள். இன்ஸ்பெக்டர் கைப்பையின் வாரை இழுத்து இழுத்து விட்டுக்கொண்டிருந்தாள்.

அந்த நேரம் பார்த்து பல்ப் இரண்டு முறை கண்ணடித்தது. அதுவும் நான் நாளைக்கு மாற்றுவதாக இருந்த பல்ப்தான். மூன்றாவது தடவை மூடிய கண்ணைத் திறக்கவில்லை.

இருட்டு என்றால் இருட்டு. அதை அள்ளிப் பாட்டிலில் அடைத்து விற்றிருக்கலாம். என் மூக்கின்மேல் யாரோ விரல் வைத்தார்கள், அது என் விரல்தான் என்று கண்டுபிடிக்கவே எனக்கு நேரமாயிற்று.

"அப்பா, மூச்சு விடுங்க" என்றது வவ்வாலின் குரல். "அம்மா, ஹெட்போன் உன் கைக்குப் பக்கத்துல தொங்குது. காதுல மாட்டு. பாட்டு இன்னும் ஓடுதா?"

சரசரவென்று சத்தம். "ஓடுது."

"அப்ப பதிவும் ஆகிட்டு இருக்கு." கொஞ்சம் யோசித்தாள். "எப்படியும் மாட்டிக்கிட்டாச்சு. கடைசிச் சரணத்தைப் பாடிடறேன். எனக்கு இருட்டுதான் தோது."

"ஹெட்போன் வேணாமா?"

"நீயே வச்சுக்க. கழட்டி மாத்தறதுக்குள்ள இடம் தவறிடும். தாளத்தை என் தோள்ல தட்டிக்கிட்டே இரு. போதும்."

அந்த ஹெட்போனைப் பற்றி ஒரு விவரம். மைக்கில் யார் என்ன சொன்னாலும், அது காலியான பெரிய பங்களாவுக்குள்ளிருந்து வருவது போல எதிரொலியோடு காதில் வந்து விழும்படி வவ்வால் செய்து வைத்திருந்தாள். பக்கத்தில் நிற்பவர் பேசினாலும், நாலு அறை தாண்டி யாரோ பேசுவது போலிருக்கும்.

என் மனைவி மகளின் தோளில் தட்டுகிற சத்தம் எனக்குக் கேட்டது. தப், தப், தப், தப். ஒரு தட்டுகூடத் தப்பவில்லை. இவளுக்குத் தாளம் வரும் என்பது எனக்குக் கல்யாணமாகி இத்தனை வருஷம் கழித்துத் தெரிகிறது.

வவ்வால் பாடினாள். ஒரு வாரமாக நான் கேட்ட பாட்டு இல்லை அது. குரலில் பயமுறுத்தலே இல்லை. களைத்துப்போய், கதவில் நெற்றியைச் சாய்த்துக்கொண்டு, இனிமேல் யாரும் வரமாட்டார்கள் என்று தெரிந்த ஒருத்தி பாடுகிற மாதிரி இருந்தது. கதவைத் திற, கதவைத் திற. காத்து இல்ல.

'நான்தான்' என்று வரவேண்டிய கடைசி இடத்தில் அவள் நிறுத்தினாள். மைக்குக்கு மிக நெருக்கமாக வாயைக் கொண்டுபோய், பாடாமல், பேசினாள்.

"அம்மா... கதவைத் திற..."

இழுத்துக்கொண்டே போனாள். தோளில் தட்டிக்கொண்டிருந்த கை நின்றது.

பிறகு அந்த அலறல்.

அதை எழுத்தில் எழுத முடியாது. எழுதினால் பத்திரிகையின் தாள் கிழியும். அது வாயிலிருந்து வந்ததாகவே எனக்குத் தோன்றவில்லை. மெத்தையும் கம்பளியும் சேர்ந்து குடிக்கப் பார்த்தும் முடியாமல் திணறின. என் இடது காது திறந்துகொண்டது இந்த இடத்தில்தான்.

அடுத்து, மாடிப்படியில் செருப்பில்லாத கால்கள் ஓடி வந்தனவாம். எங்களுக்குக் கேட்கவில்லை. ஓட்டைக்குள் ஏதோ உரசியது, என் கண்ணாடிக்கால் உள்பக்கமாக வந்து விழுந்தது, கதவு 'ப்ச்' என்று விட்டுக்கொடுத்தது. வெளிச்சத்தில் கீழ்வீட்டு நர்ஸ் நின்றிருந்தார். தூக்கத்திலிருந்து எழுந்த தலை, கையில் கத்தரிக்கோல்.

"யாருக்கு என்ன ஆச்சு?"

"எப்படி வந்தீங்க?" என்றேன். "வரக் கூடாதுன்னு சொல்லியிருந்தேனே!"

"சார், ஒரு வாரமா கேட்டுக்கிட்டுதான் இருக்கேன். உங்க கத்தல் எல்லாம் பாட்டு. இப்ப வந்தது பாட்டு இல்ல. யார் அலறினது?"

நானும் வவ்வாலும் இன்ஸ்பெக்டரைக் காட்டினோம். இன்ஸ்பெக்டர் மைக்கைக் காட்டினாள்.

"அதுல என்னமோ கோளாறு" என்றாள், ஹெட்போனைக் கழற்றிக்கொண்டே. "கீச்சுனு ஒரு சத்தம் வந்துச்சு. நான் அலறல."

"அம்மா!"

"நான் எதுக்குடி அலறணும்? இருட்டைப் பார்த்தா? பாட்டைக் கேட்டா? நான் என்ன சின்னக் குழந்தையா?"

நர்ஸ் அவள் மணிக்கட்டைப் பிடித்துப் பார்த்தார். "நாடி குதிரை மாதிரி ஓடுது."

"படி ஏறி வந்தேன்."

"எந்தப் படி? நீங்க உள்ள இருந்தீங்க."

இன்ஸ்பெக்டர் தண்ணீர் குடிக்கப் போய்விட்டாள்.

ஹால் கடிகாரத்தில் ஐந்தாக இன்னும் கொஞ்சம்தான் பாக்கி. வவ்வால் கம்ப்யூட்டர் முன்னால் பாய்ந்து உட்கார்ந்தாள். எல்லாம் பதிவாகியிருந்தது. என் பஸ் அலறல், கைப்பிடிச் சண்டை, ஜன்னல் திறக்குமா என்ற கேள்வி, எல்லாம். தேவையில்லாததை வெட்டித் தள்ளினாள். சரணத்தையும் அலறலையும் எடுத்துப் பாட்டின் முடிவில் வைத்தாள். ஒரு முறை ஓடவிட்டாள். நர்ஸ் பக்கத்தில் இருந்த என் கையைப் பிடித்துக்கொண்டார்.

அனுப்பிவிட்டாள். அப்பாடா என்று நான் நாற்காலியில் சாய்வதற்குள் வாளிக்குள் போன் அடித்தது. கம்பெனிக்காரர். வவ்வால் எல்லோருக்கும் கேட்கும்படி வைத்தாள்.

"பிரமாதம்மா! ஆனா அந்த அலறலை எந்தப் படத்துலேர்ந்து எடுத்தீங்க?"

"எந்தப் படமும் இல்ல சார்."

"பாருங்க, இங்க நாங்க நாலு பேர் உட்கார்ந்து கேட்டோம். நாலு பேரும் நாலு பழைய படத்தோட பேரைச் சொல்றோம். எங்கேர்ந்தோ வெட்டி ஒட்டினதா இருந்தா நாளைக்குப் படத்துக்காரங்க எங்க மேல பாய்வாங்க."

"சத்தியமா எங்க வீட்டுல எடுத்தது சார். எங்க அம்மா."

அந்தப் பக்கம் சிரிப்பு. "நல்லாக் காது குத்துறீங்களே! அம்மா என்ன, நடிகையா?"

"இன்சூரன்ஸ் கம்பெனியில இருக்காங்க."

சிரிப்பு இன்னும் கூடியது. அப்புறம் நின்றது. "சரி, அப்ப அவங்களே சொல்லட்டும். என் குரல்தான், எங்கேர்ந்தும் எடுக்கலைன்னு. அவங்க குரல்லயே பதிவு பண்ணி வச்சுக்கறேன். இல்லைன்னா அலறலை எடுத்துட்டு அனுப்புங்க. அஞ்சு அடிச்சா அடுத்தவங்களை உள்ள விட்டுடுவேன். அம்மாகிட்ட பேசிட்டு வாங்க, லைன்ல இருக்கேன்."

வவ்வால் போனை மேஜைமேல் வைத்து விரலால் வாயை மூடினாள், அதாவது போனின் வாயை. "அலறலை எடுத்தா பாட்டு பல்லு பிடுங்கின வாய் மாதிரி இருக்கும்பா" என்று என்னிடம் சொன்னாள். கண் மட்டும் அம்மாவைத் தேடியது.

இன்ஸ்பெக்டர் சமையலறை வாசலில் தம்ளரோடு நின்றிருந்தாள்.

"ஒரு வார்த்தை சொல்லேன்" என்றேன்.

"நடக்காததை நடந்துச்சுன்னு சொல்லச் சொல்றீங்களா? என் வாழ்க்கையில ஒரு தடவை அப்படிச் சொன்னதில்ல. வர்றவங்க எல்லாரும் என்கிட்ட அதைத்தான் சொல்றாங்க. நானும் சொல்லணுமா?"

"நடந்துச்சுன்னா?"

அவள் தம்ளரை வைத்துவிட்டு வந்தாள். ஆபீஸ் நடை. கம்ப்யூட்டருக்குப் பக்கத்தில் நின்று, "போடு அதை" என்றாள்.

வவ்வால் போட்டாள். அலறல் ஹாலில் எழுந்து அடங்கியது.

"இது உங்க குரல் இல்லைன்னு எப்படிச் சொல்றீங்க?" என்று இன்ஸ்பெக்டர் என்னிடம் திரும்பினாள்.

"நான் அலறினா பஸ்ஸை விட்டவன் மாதிரி இருக்கும்னு நீதானே சொன்ன?"

சரிதான் என்பது போலத் தலையசைத்துவிட்டு மகள் பக்கம் திரும்பினாள். "உன் குரல் ஏன் இல்ல?"

"கேளும்மா" என்று மறுபடி போட்டாள் வவ்வால். "அலறல் வர்ற இடத்துல நான் 'திற'ன்னு இழுத்துக்கிட்டே இருக்கேன் பாரு. ஒரே வாய்ல ரெண்டையும் எப்படிப் பண்ண முடியும்?"

"நர்ஸ் அப்ப உள்ள இல்ல" என்றாள் இன்ஸ்பெக்டர், தனக்குத் தானே.

"படுக்கையில இருந்தேன்" என்றார் நர்ஸ். அவர் இதற்குள் வசதியாக சோபாவில் உட்கார்ந்திருந்தார்.

"கைப்பிடி எங்க இருந்துச்சு?"

அப்போதுதான் எங்களுக்கு உறைத்தது. கைப்பிடியை யாரும் பார்க்கவில்லை. கதவில் இல்லை, உள்ளே இல்லை, ஹாலில் இல்லை, வாளியில் போன்களுக்கு அடியிலும் இல்லை. மற்ற மூன்று கதவுகளிலும் ஓட்டைதான் தெரிந்தது. மூன்று பேரும் அறைக்குள் இருந்தோம், வெளியே யாரும் இல்லை. எடுத்தது யார்?

"அதை அப்புறம் விசாரிக்கறேன்" என்றாள் இன்ஸ்பெக்டர். அந்தக் குரலைக் கேட்டு என் பாக்கெட்டுகளைத் தடவிப் பார்த்துக்கொண்டேன். நான் எடுக்கவில்லை, இருந்தாலும் தடவினேன். அந்த விசாரணை அடுத்த வாரக் கதை.

கடிகாரத்தின் பெரிய முள் கடைசிக் கோட்டை நெருங்கிக்கொண்டிருந்தது. வவ்வால் கடிகாரத்தைப் பார்க்கவில்லை. அம்மாவைக் கெஞ்சவும் இல்லை. கையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள், திங்கட்கிழமை உட்காரப் போகிற நாற்காலியில் இப்போதே உட்கார்ந்துவிட்டவள் மாதிரி.

"ஒண்ணு கேக்கணும்" என்றாள் அவள் அம்மா. "கடைசியில ஒரு வார்த்தை வருதே. 'அம்மா'ன்னு. அது பாட்டுல இருந்துச்சா?"

"இல்ல."

"அப்புறம் ஏன் சொன்ன?"

"தெரியல. வாய்ல வந்துடுச்சு."

"நீ பக்கத்துலதான் நின்ன. என் கை உன் தோள்மேலதான் இருந்துச்சு." இன்ஸ்பெக்டர் தன் உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்துக்கொண்டாள். "ஆனா காதுல எங்கேயோ தூரத்துலேர்ந்து கேட்டுச்சு. பூட்டிட்டு சாவியோட நானே வெளிய வந்துட்ட மாதிரி."

வவ்வால் எழுந்திருக்கப் போனாள். இன்ஸ்பெக்டர் கை காட்டி அவளை உட்காரச் சொன்னாள். போனை எடுத்தாள். தொண்டையைச் செருமினாள். ஆபீஸில் பேசுகிற அதே குரல்தான், நடுவில் ஓர் இடத்தில் மட்டும் கொஞ்சம் பிசிறியது.

"ஹலோ. இவளோட அம்மா பேசறேன். பதிவு பண்ணிக்குங்க. இன்னிக்கு சாயங்காலம், எங்க வீட்டு சாமான் அறையில. எந்தப் படத்துலேர்ந்தும் எடுக்கல, யாரும் சொல்லிக் குடுக்கல. நான் எல்லாத்தையும் விசாரிச்சுட்டுதான் சொல்றேன். பயந்தது நான். அலறினது நான். சம்பவம் நடந்தது நிஜம்."